இந்தியா எந்தப் பக்கம்?

இந்த மலாய் நாட்டில் சூரியன் மலைக்குப் பின்னாலிருந்து உதிக்கிறது. இதில் என்ன அதிசயம் என்று உங்களுக்குத் தோன்றும். எஸ்தரும் தாவீதும் நாளைச் சாயங்காலம் ராஜபாளையத்து மலையைக் கொஞ்சம் பாருங்கள். சூரியன் போய் விழுகிற இடம் அது. அதற்குள்ளிருந்து எழுந்து வந்ததாக நம் ஊரில் யாரும் சொல்லக் கேட்டதில்லை. இங்கேயோ மலைத்தொடர் கிழக்கே கிடக்கிறது, கடல் மேற்கே கிடக்கிறது. விடியுமுன்னே பெரட்டு என்று ஆட்களை வரிசையாக நிறுத்திப் பெயர் கூப்பிடுவோம். அதை முடித்துவிட்டு நிமிர்ந்தால் மலை விளிம்பில் சூரியன் நிற்கும். உடனே என் உடம்பு, வேலை முடிந்தது, போய்க் குளி என்கிறது. வந்த புதிதில் ஒரு நாள் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பியே விட்டேன். இன்னொரு நாள் விடிந்த கையோடு, "இன்றைய பகல் முழுவதும் எங்களைக் காத்து வந்த ஆண்டவரே" என்று ஜெபத்தைத் தொடங்கி ஆமென் வரை போய்விட்டேன். ஆண்டவர் திருத்திக் கேட்டுக்கொண்டிருப்பார். என்னோடு அறையில் இருந்த சின்னக் கிராணிமார்கள் சிரித்தார்கள். கிராணி என்றால் இங்கே தோட்டத்துக் கணக்குப்பிள்ளை. உங்கள் அப்பாவும் அப்போது ஒரு சின்னக் கிராணிதான், ரப்பர் பால் நிறுக்கிறவன்.

குற்றம் என்னுடையதல்ல, நம் ஊருடையது. நமக்கு மலை என்றால் மேற்கு, மேற்கு என்றால் மலை. ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ராஜபாளையத்துக்கு நடந்தால் வலது கையில் மலை, திரும்பி வந்தால் இடது கையில் மலை. அதை வைத்துத்தான் போகிறோமா வருகிறோமா என்றே தெரிந்துகொள்வோம். பானையை இறக்குகிறவளிடம் "மலைப்பக்கமா வையி" என்போம். கோயிலில் பெஞ்சு நெருக்கமானால் "செத்த மலைப்பக்கம் நவுந்துக்கோங்க" என்போம். ஒரு முறை உங்கள் அம்மா முதுகு அரிக்கிறது என்று சொறியச் சொன்னாள். "எங்கிட்டு?" என்றேன். "மலைப்பக்கம்" என்றாள். "நீ திரும்பி உக்காந்தா அது கெழக்குப் பக்கமால்லா ஆயிரும்?" என்று கேட்டேன். "அரிப்பு நிக்கிறதுக்குள்ள சொறியுங்க, பொறவு பூகோளம் படிக்கலாம்" என்றாள்.

அம்மா இங்கே வருவதற்கு ஒரே ஒரு நிபந்தனை வைத்திருந்தாள். நாகப்பட்டினத்தில் நான் கப்பலேறப் புறப்பட்ட அன்றே சொல்லிவிட்டாள். "தனி வீடு கெடச்சா பிள்ளைகளக் கூட்டிக்கிட்டு வாரேன். அம்புட்டு ஆம்பளைகளும் ஒத்த ரூம்புல கெடக்குற எடத்துக்கு நான் வரமாட்டேன்." சின்னக் கிராணிக்குத் தனி வீடு கிடையாது. ஆகையால் உங்கள் இருவரையும் புகைப்படத்தில்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். படம் வந்த பிறகும் தாவீது வளர்ந்துகொண்டிருப்பான் என்பது நினைவுக்கு வந்தால் சோறு இறங்காது. இப்படி இருக்கையில்தான் தோட்டத்துப் பள்ளிக்கூடத்துக்கு வாத்தியார் வேண்டும் என்ற பேச்சு வந்தது. வாத்தியாருக்கு இரண்டு அறை, தனி அடுப்படி. நான் ஐந்தாம் வகுப்பு முடித்தவன், போய்க் கேட்டேன். தோட்டத்து வெள்ளைக்காரத் துரை, வாத்தியார் என்றால் உலகம் தெரிந்தவனாக இருக்க வேண்டும், நானே கேள்வி கேட்டுப் பார்க்கிறேன் என்று சொல்லியனுப்பினார்.

உலகம் எனக்குத் தெரியும். ஸ்ரீவில்லிபுத்தூர் மிஷன் பள்ளிக்கூடத்தில் எங்களுக்கு உலகத்தை வாய்ப்பாடு மாதிரிச் சொல்லிக்கொடுத்தார்கள். உலகப் படம் ஒன்று சுவரில் இருந்தது. அதில் ஐரோப்பாக் கண்டத்தைக் கரையான் தின்றுவிட்டதால் அதை வாயால்தான் பிடித்து வைத்திருந்தோம். கையைக் கட்டிக்கொண்டு முன்னும் பின்னும் ஆடி, "போர்த்துகல் லிஸ்பன், ஸ்பெயின் மாட்ரிட், பிரான்ஸ் பாரிஸ்" என்று ராகம் போட்டுச் சொல்ல வேண்டும். ராகம் தப்பினால் பிரம்பு. இதில் ஒரே ஒரு சங்கடம், நடுவில் நுழைய முடியாது. ஏழெட்டு அறுபத்தாறா ஐம்பத்தாறா என்று குழம்பினால் ஓரேழிலிருந்து வரவேண்டுமல்லவா, அது மாதிரி.

ஆபீஸில் துரை நாற்காலியில் உட்கார்ந்து பைப்பைப் பற்றவைத்துக்கொண்டிருந்தார். பெரிய கிராணி பக்கத்தில் நின்றார். அவர் யாழ்ப்பாணத்துக்காரர், துரையின் இங்கிலீஷை எனக்கும் என் தமிழைத் துரைக்கும் மாற்றிச் சொல்வது அவர் பொறுப்பு. "டென்மார்க்குக்குத் தலைநகர் என்னெண்டு துரை கேக்கிறார்" என்றார். நான் கையைக் கட்டிக்கொண்டு போர்த்துகல்லில் ஆரம்பித்தேன். ஆட்டமும் தானாக வந்துவிட்டது. பெல்ஜியம், ஹாலந்து எல்லாம் கடந்து கோப்பன்ஹேகனில் நின்றேன். துரை வாயிலிருந்த பைப்பை எடுத்தார். அடுத்தது கிரீஸ். அது வரிசையில் வெகு தொலைவு. மறுபடி போர்த்துகல்லில் காலெடுத்து வைத்ததும் பெரிய கிராணி என் காதருகே வந்தார்.

"என்ன காணும், எந்த நாட்டைக் கேட்டாலும் போர்த்துகல்லில இருந்துதான் வெளிக்கிடுவீரோ?"

"ஆமாங்கய்யா, எனக்கு வண்டி அங்கனருந்துதான்" என்றேன்.

துரைக்கு இது பிடித்துப்போயிற்று என்று நினைக்கிறேன். கிரீஸ் வந்து சேருமுன் அவர் பைப்பால் மேசையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தார். பிறகு நார்வே கேட்டார். "கிறிஸ்டியானியா" என்றேன். தாளம் நின்றுவிட்டது. அந்தப் பட்டணத்தின் பெயரை மாற்றி ஓஸ்லோ என்று வைத்து வருஷக்கணக்காகிறதாம். வைத்தவர்கள் ஸ்ரீவில்லிபுத்தூருக்கு ஒரு கார்டு போட்டிருக்கலாம். சரித்திரத்துக்கு வந்தார். அமெரிக்காவைக் கண்டுபிடித்தது யார் என்றார், பெயரைச் சொன்னேன். அந்த மாலுமி எதைத் தேடிப் போனான் என்றார். "எங்களத்தான்யா தேடி வந்தாரு" என்றேன். பெரிய கிராணி அதை மாற்றிச் சொல்ல, துரை முதல் முறையாகச் சிரித்தார்.

அப்படியானால் கடைசிக் கேள்வி, என்றார் துரை. இங்கேயிருந்து இந்தியா எந்தப் பக்கம், கையை நீட்டிக் காட்டச் சொல்.

பிள்ளைகளே, இதற்குப் போர்த்துகல்லுக்குப் போக வேண்டியதில்லை. இந்தியா இங்கிருந்து மேற்கே என்பது எனக்கு நன்றாகத் தெரியும். வாயாலும் "மேற்கே" என்று பளிச்சென்று சொன்னேன். சொல்லிக்கொண்டே, ஜன்னலுக்கு வெளியே நின்ற மலையை நோக்கிக் கையை நீட்டினேன்.

பெரிய கிராணி நெற்றியைப் பிடித்துக்கொண்டார். "அது கிழக்கு காணும். அந்தப் பக்கம் சீனக் கடல், அதுக்கங்கால பெருங்கடல். எங்கை கையைக் காட்டுறீர்?" கையை மடக்கவும் எனக்குத் தோன்றவில்லை. நீட்டிய விரலின் நுனியில் இரண்டு அறையும் அடுப்படியும் நடந்து போவது தெரிந்தது. பின்னால் உங்கள் அம்மா முந்தானையை உதறிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பிப் போவதும் தெரிந்தது. வாய் தானாக ஒன்றைச் சொல்லிற்று.

"இப்படியே நேரப் போனாலும் வந்துரும்யா. உலகம் உருண்டைதான. என்ன, அமெரிக்கா மட்டும் குறுக்க வரும்."

பெரிய கிராணி இதை மாற்றிச் சொல்வதா வேண்டாமா என்று யோசித்தார். துரை விடவில்லை. கிராணி மாற்றிச் சொன்னதும் துரைக்குப் புரை ஏறிவிட்டது. இருமி முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஏதோ சொன்னார். பெரிய கிராணி என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"அந்த மாலுமியும் பிழையான பக்கம்தான் காட்டினவனாம். அவனுக்கு மூண்டு கப்பல் குடுத்தவையாம். உமக்குத் துரை ரெண்டு அறை தாறாராம்."

நீட்டிய கையை அப்போதுதான் மடக்கினேன். வீடு தேசங்களை ஒழுங்காகச் சொன்னதற்குக் கிடைத்ததா, ஒழுங்கில்லாமல் காட்டியதற்குக் கிடைத்ததா என்று இன்னும் விளங்கவில்லை. அம்மாவிடம் சொல்லுங்கள்: அடுப்படி தனி, கதவுக்கு உள்தாழ்ப்பாள் இருக்கிறது. அடுத்த கப்பலுக்குப் புறப்படலாம்.

வேலையோடு துரை பள்ளிக்கூடத்துக்கு ஒரு பூகோள உருண்டையும் கொடுத்தார். பழையது, தாங்கி ஒடிந்தது, மேசையில் விட்டால் பந்து மாதிரி ஓடுகிறது. முதல் நாள் அதைக் காட்டி, "உங்க ஊரு எங்கன இருக்கு?" என்று பிள்ளைகளைக் கேட்டேன். தேவதானம் என்றான் ஒருவன். வன்னியம்பட்டி என்றான் இன்னொருவன், இரண்டும் நம் ஊர்ப் பக்கம். ஆனால் பையன்கள் இரண்டு பேரும் பிறந்தது இந்தத் தோட்டத்தில், கடலைக்கூடப் பார்த்ததில்லை. ஒரு சின்னப் பெண் மட்டும், "எனக்கு இங்கனதான். சாருக்கு எந்த ஊரு?" என்றாள். வா, காட்டுகிறேன் என்று கட்டை விரலை மலாய் நாட்டின் மேல் வைத்தேன், ஆள்காட்டி விரலை நீட்டி நம் ஊர் இருக்கிற முனையில் வைத்தேன். நடுவிலிருந்த கடல் முழுவதும் இரண்டு விரலுக்குள் அடங்கிவிட்டது. பிள்ளைகள் எட்டிப் பார்த்தார்கள். மணி அடித்ததும் ஓடிவிட்டார்கள். என்னால் கிளம்ப முடியவில்லை. இந்த விரலை எடுத்தால் உருண்டை அந்தப் பக்கம் புரண்டு இந்த வீடு அடியில் போகிறது, அந்த விரலை எடுத்தால் இந்தப் பக்கம் புரண்டு நீங்கள் அடியில் போகிறீர்கள். காலியான பள்ளிக்கூடத்தில் இரண்டையும் பிடித்தபடி கொஞ்ச நேரம் நின்றுகொண்டிருந்தேன்.