எந்தக் குடும்பத்து முதலை

எழுபதுகளின் கடைசியில் மண்டைதீவில் விலங்கியல் படிப்பித்துக்கொண்டிருந்தேன். பிழையைக் கண்டால் திருத்தாமல் இருக்க ஏலாத பிறவி நான். செத்தவீட்டு ஒப்பாரிக்கும் சிவப்பு மையால் கோடு போடுவாள் என்று கூடப் படிப்பித்தவர்கள் பகிடி பண்ணுவார்கள். அந்தக் குணத்தால் அடுத்த வீட்டில் வீண் வில்லங்கம் ஒன்றை உண்டாக்கினேன்.

அடுத்த வீட்டு அக்காவின் கணவர் கடற்றொழில் செய்பவர். ஒருமுறை இயந்திரம் பழுதாகி, ஒன்பது நாள் கடலில் அலைந்து திரும்பியவர். அவர் உயிரோடு வந்தால் ஒரு வேளாக் கொம்பு தருவதாக அக்கா மாதாவுக்கு நேர்ந்திருந்தார். வேளா பெரிய மீன். அதன் மூக்கு வாள்போல நீண்டு, இரு புறமும் பல்லோடு இருக்கும். அதை வெட்டி மாதா கோயிலுக்குக் கொடுப்பது அங்கே வழக்கம். ஆனால் இரண்டு வருடமாக ஒரு வேளாவும் வலையில் படவில்லை. நேர்த்தி தீராமல் ஆழக்கடலுக்குப் போகக்கூடாது என்று அக்கா கணவரை மறித்துவிட்டார். அவர் கரையோரத்தில் நண்டு பிடித்துக் காலம் தள்ளினார்.

அந்தக் கோடையில் அவர்கள் கிணற்றை ஆழமாக்கியபோது, சுண்ணாம்புக் கல்லுக்குள்ளிருந்து முழ நீளத்தில் கல்லாய்ப் போன எலும்பு ஒன்று வந்தது. ஒடுங்கி நீண்டிருந்தது, ஓரங்களில் வரிசையாகக் குழிகள்.

"வேளாக் கொம்புதான். பல்லு உதிர்ந்துபோச்சு," என்றார் கணவர். மாதாவே தந்தாள் என்று அக்கா அழுதார்.

நான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். வாங்கித் திருப்பிப் பார்த்தேன்.

"அக்கா, இது வேளா இல்லை. நுனியிலை மூக்குத்துவாரம் இருக்கு. பல்லுக்குழி கீழ்ப்பக்கம் பாக்குது. இது எந்தக் காலத்திலையோ அழிஞ்சுபோன ஒரு நீள்மூஞ்சி முதலை."

"மாதாவுக்கு முதலை மூஞ்சியையோ குடுக்கப் பாத்தனான்?" அக்காவின் முகம் செத்துப்போனது.

மறுநாள் கணவர் என் வேலிப் படலையடியில் வந்து நின்றார். "ரீச்சர், நான் எத்தினை வேளா வெட்டினனான். எனக்குத் தெரியாதோ? அவள் என்னைக் கடலுக்கு விடட்டும் எண்டுதான் அப்பிடிச் சொன்னனான்."

எனக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் முதலை முதலைதானே.

அதோடு அது எந்த முதலை என்று அறியும் ஆசையும் எனக்குப் பிடித்துவிட்டது. எலும்பை அக்காவின் கணவருடைய மீன் வாடை அடிக்கும் ஓலைப்பையில் போட்டு, பஸ்ஸில் பட்டணம் கொண்டுபோய் என் பழைய பேராசிரியரிடம் காட்டினேன். நீள்மூஞ்சி முதலைகளை இரண்டு குடும்பமாகப் பிரிக்கலாம் என்றார். மூக்கின் மேலெலும்பு நீண்டு வந்து மூஞ்சியின் நுனி எலும்பைத் தொட்டால் ஒன்று, தொடாமல் எட்ட நின்றால் மற்றது. எங்கள் எலும்பு சரியாக அந்த இடத்துக்கு முன்னால் உடைந்திருந்தது. மிச்சம் கிணறு தோண்டிய அலவாங்கு பட்டுத் தூளாகியிருக்கும். முதலை என்பதற்கு மேல் ஒன்றும் சொல்ல முடியாது என்று திருப்பித் தந்துவிட்டார்.

அக்கா சமையலை விட்டுவிட்டுக் குசினி வாசலில் காத்திருந்தார். "என்னவாம் ரீச்சர்?"

"எந்தக் குடும்பம் எண்டு தெரியாதாம் அக்கா. பாக்க வேண்டிய இடம் உடைஞ்சுபோச்சு."

"அவ்வளவு படிச்ச ஆளுக்கும் தெரியாதோ?"

"தெரியாது."

அக்கா எலும்பை வாங்கி மடியில் வைத்துத் தடவினார். "அப்ப வேளாவாயும் இருக்கலாம், என்ன?"

என் மாணவி ஒருத்தி இப்படி எழுதியிருந்தால் பூச்சியம் போட்டிருப்பேன். வேலியோரம் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த கணவரின் கை அப்படியே நின்றது.

"ஓம் அக்கா," என்றேன். "இருக்கலாம்."

ஞாயிற்றுக்கிழமை பூசைக்குப் பிறகு எலும்பைக் கோயிலில் கொடுத்தார்கள். திங்கள் விடிய அவர் ஆழக்கடலுக்குப் போனார். அக்கா நிம்மதியாகச் சமைத்துக்கொண்டிருந்தார். நேர்த்தியில் துளியும் நம்பிக்கை இல்லாத நான், அவர் படகு திரும்பிவந்து கண்ணில் படும்வரை பொழுதெல்லாம் கரையில் நின்றேன்.