போட்டு வாறன்

யப்பான் படங்களுக்கு இங்கிலிஷ் சப்டைட்டில் எழுதுறதுதான் என்ரை பிழைப்பு. டோக்கியோவில ரெஸ்ரோரன்ற் ஒண்டில கோப்பை கழுவிக் கழுவி அந்தப் பாஷையைப் பழகினன். பிறகு லண்டன். நோர்பரியில ரெயின் ஏறிப் போய், யன்னல் இல்லாத அறையில நாள் முழுக்க ஆக்களின்ரை வாயைப் பார்த்துக்கொண்டிருக்கிற வேலை. எந்தப் படத்திலயும் என்ரை பேர் வராது. கலியாண வீடுகளில என்ன வேலை எண்டு கேக்கிற சனத்துக்கு விளங்கப்படுத்தியே அலுத்துப்போச்சு.

பக்கத்து மேசையில சவுண்ட் வேலை செய்யிற யப்பான்காரி ஒருத்தி. பின்னேரம் வெளிக்கிடேக்க நான் "போட்டு வாறன்" எண்டுவன். அதுக்கு என்ன அர்த்தமெண்டு ஒருநாள் கேட்டாள். போயிட்டுத் திரும்பி வருவன் எண்டதுதான் எண்டு சொன்னன். தங்கடை ஆக்களும் வாசல்ல நிண்டு "இத்தே கிமாஸ்" எண்டு அதையேதான் சொல்லுறவை எண்டு சிரிச்சாள். போறன் எண்டு மட்டும் சொல்லிப்போட்டு எங்கடை வீட்டில ஒருத்தரும் படி இறங்கேலாது. அம்மா வாயில ஒரு அடி போடுவா.

கடைசியா வந்த படத்தில ஒரு மீன்பிடிகாரன் மனிசிக்கு அந்தச் சொல்லைச் சொல்லிப்போட்டுக் கடலுக்குப் போறான். வரேல்லை. படம் முடியுமட்டும் அவள் அவனுக்குச் சோறு எடுத்து வைக்கிறாள். இப்பெல்லாம் மெஷின் எழுதும், நான் திருத்தவேணும். மெஷின் வெறும் "பாய்" எண்டு போட்டிருந்தது. நான் "போய்த் திரும்பி வாறன்" எண்டு இங்கிலிஷில மாத்தினன். மனேஜர் பெடியன் திரும்பவும் "பாய்" ஆக்கினான். வீட்டால வெளிக்கிடேக்க இங்க ஆர் அப்பிடிக் கதைக்கினம் எண்டான். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. வாறன் எண்டவன் வரேல்லை எண்டதுதானே முழுப்படமும், பாய் எண்டவனுக்கு அவள் என்ன விசரியே சோறு வைக்க எண்டு கத்தினன். அவன் பொறுமையாக் கேட்டான். படம் "பாய்" எண்டே வெளியில போச்சு.

கொஞ்ச நாளால கூப்பிட்டு, இனித் திருத்த ஆள் தேவையில்லை எண்டான். நல்ல மரியாதையாத்தான் சொன்னான், தேத்தண்ணியும் தந்தான். இந்த வயசில எனக்கு ஆர் வேலை தருவினம்? இந்தப் பாஷையை வைச்சுக்கொண்டு நான் ஆரோட கதைக்கிறது?

என்ரை கோப்பையையும் குளிருக்கு வைச்சிருந்த சுவெற்றரையும் பையில வைச்சன். அந்த யப்பான்காரியின்ரை மேசையடியில நிண்டு "போறன்" எண்டன்.

அவள் காதில இருந்ததைக் கழட்டிப்போட்டு என்னையே பார்த்தாள். பிறகு மெல்லமா, தமிழிலயே கேட்டாள்.

"வாறன் எங்க?"