பானெட்டு மேல ஏறி வந்த சீஸ்

என் சமையல்ல குத்தம் சொன்னவங்க எங்க மலை வளப்பூர் நாட்டுலயே கிடையாதுங்க. பலாக்கொட்டை போட்டு நான் கொழம்பு வச்சேன்னா, பக்கத்து ஊட்டுப் பெரியம்மா கிண்ணத்தைத் தூக்கிக்கிட்டு வாசல்ல வந்து நிப்பாங்க. அப்பேர்ப்பட்டவனை, கட்டுன பொண்டாட்டி ஒரு நாள் சட்டியும் கரண்டியுமா ஊட்டை விட்டு வெளிய தொரத்திட்டா.

அவ மேல தப்பில்லை. மசக்கை. கடுகு வெடிச்சா வாந்தி, சோறு கொதிச்சா வாந்தி, காப்பித்தூள் டப்பாவைத் தொறந்தா வாந்தி. தலைக்கு எண்ணெய் வச்சுக்கிட்டு நான் பக்கத்துல போனா அதுக்கும் வாந்தி. ரோஸ் கலர் பேசன் ஒண்ணு எந்நேரமும் அவ மடியிலயே இருந்துச்சு. நான் பலா மரத்தடியில மூணு கல்லைக் கூட்டி, அங்கயே பொங்கி, அங்கயே தின்னுட்டு, வாயை நாலு தடவை கொப்புளிச்சுட்டுத்தான் ஊட்டுக்குள்ள போவேன்.

அவ ராசிபுரம் பக்கத்துப் பொண்ணு. இங்க மலையில கவர்மெண்ட் ஆஸ்பத்திரிக்கு நர்ஸா வந்தா. மொளகுக் கொடிக்குக் கவாத்து பண்ணும்போது அருவா பட்ட கைக்குக் கட்டுப் போடப் போனவன், காயம் ஆறுன பொறவும் கட்டுப் போடப் போயிக்கிட்டே இருந்தேன். அப்படி ஆன கல்யாணம் எங்களுது. ஊருக்கெல்லாம் மாத்திரை எடுத்துக் குடுக்கிறவளுக்குத் தன் வயித்துல ஒரு வாய்க் கஞ்சியை நிறுத்த முடியலை. எடை குறைஞ்சுக்கிட்டே வந்துச்சு. டாக்டரம்மா கண்டிசனாச் சொல்லிட்டாங்க.

"திங்கக்கிழமை மறுபடி எடை பாப்பேன். இன்னும் எறங்கியிருந்தா கீழ நாமக்கல்லுக்குக் கூட்டிட்டுப் போயி அட்மிட் பண்ணிருங்க. குளுக்கோஸ் ஏத்தணும்."

கீழன்னு சொன்னதும் அவ முகம் செத்துப் போச்சு. போன வருசமும் ஒண்ணு உண்டாச்சு. தங்கலை. அப்பவும் அந்த மலை ரோட்டு எழுபது வளைவுலயும் ஜீப்புல வச்சு எறக்கிக்கிட்டுத்தான் போனோம். திரும்பி வரும்போது பஸ்ஸுல வெறுங்கையோட ஏறி வந்தோம். இந்தத் தடவை அந்த ரோட்டுல எறங்கவே மாட்டேன்னு அடம். "அடிவாரத்துல காரவள்ளி வந்துருச்சுன்னு கண்டக்டர் கத்துனது இன்னும் காதுலயே இருக்குதுங்க"ன்னு அழுதா. எனக்கும் பயந்தான். ஆனா எனக்குப் பயப்படத் தெரியாது, கோவப்படத்தான் தெரியும். மாட்டைத் திட்டுனேன், மழையைத் திட்டுனேன், ஒண்ணுமே பண்ணாத அந்த பேசனைக்கூடத் திட்டுனேன்.

வெள்ளிக்கிழமை காலையில அவளே கூப்பிட்டா. "ஏனுங்க, ஒண்ணு கேட்டா வைய மாட்டீங்களே?"

"சொல்லு புள்ள."

"சேலத்துல படிக்கும்போது ஆஸ்டலுக்கு எதுத்தாப்புல ஒரு பேக்கரி. அங்க ஒண்ணு விப்பாங்க. உருளைக்கிழங்கு, காய், சீஸுன்னு அடுக்கு அடுக்கா இருக்கும். மேல செவந்து, ஸ்பூனை உட்டா நூல் நூலா வரும். அது கெடைச்சாத் திம்பேன்னு தோணுது."

திம்பேன்! அந்த வார்த்தையைக் கேட்டு எத்தனை நாளாச்சு! வேலிக்கு அந்தப் பக்கம் நின்ன பெரியம்மா காதுலயும் அது விழுந்துருச்சு. "சாமி, மசக்கைக்காரி ஆசைப்பட்டதைக் குடுக்கலீன்னா பொறக்குற கொழந்தைக்குக் காதுல சீழ் வடியும். எப்பாடுபட்டாவது குடுத்துரு"ன்னாங்க. நர்ஸு அதைக் கேட்டுச் சிரிச்சா. அவ சிரிச்சும் நாளாச்சு.

எங்க மலைக் கடைத்தெரு செம்மேட்டுல சீஸுக்கு எங்க போறது? கேட்டுப் பாத்தேன். பன்னீர் மாதிரி இருக்கும்னு சொன்னதுக்கு, கடைக்காரர் பன்னீர் சோடாவை எடுத்து நீட்டுனார். பாறை மேல ஏறி நின்னாத்தான் எங்களுக்கு டவர் கெடைக்கும். ஏறி நின்னு, சேலத்துல இருக்குற அவ சினேகிதிக்குப் போன் போட்டேன். அந்தப் பொண்ணு தங்கமான பொண்ணு. "அண்ணா, சீஸ் நான் வாங்கி நாளைக்குக் காலையில உங்க ஊர் பஸ்ஸுல குடுத்து உடுறேன். செய்யறதையும் சொல்றேன், கேட்டுக்குங்க"ன்னுச்சு.

எங்க மலைக்கு மருந்து, செருப்பு, கல்யாணப் பத்திரிகை எல்லாம் பஸ்ஸுலதான் வரும். டிரைவர் கையில குடுத்தா ஊடு வந்து சேந்த மாதிரி. ஆனா நான் சும்மா இருப்பனா? டிரைவருக்கே போனைப் போட்டேன். "ஏனுங்க, ரொம்ப முக்கியமான சாமானுங்க. பின்னாடி எங்கயும் போட்டுறாதீங்க. உங்க பக்கத்துலயே வச்சுக்குங்க, கண்ணுக்கு முன்னாலயே இருக்கட்டும்"னு ஒண்ணுக்கு மூணு தடவை சொன்னேன். தவளை தன் வாயால கெடும்பாங்க.

டிரைவருக்குப் பக்கத்துல என்ன இருக்கும்? இஞ்சினை மூடியிருக்கிற பானெட்டுதான். பாவம் மனுசன், சாமி படத்தை வைக்கிற மாதிரி அதும்மேல நடுவுல வச்சு, விழாம இருக்கறதுக்குத் துண்டால சுத்தியும் கட்டியிருக்கார். சேலத்துல இருந்து மலை உச்சி வரைக்கும் இஞ்சின் கொதிச்ச கொதிப்பு பூராவும் அந்தச் சீஸுக்குள்ள எறங்கியிருச்சு. பஸ் வந்து நின்னதும் மொத சீட்டுல இருந்த அம்மா எலுமிச்சம்பழத்தை மூக்குல வச்சுக்கிட்டே எறங்குச்சு. "எந்தக் கெரகம் புடிச்சவன் சாமானோ, வளைவுகூடப் பரவால்ல, இந்த நாத்தம் கொடலைப் பெரட்டுது"ன்னு என் மூஞ்சிக்கு நேராவே சொல்லிட்டுப் போச்சு. நான் யாரோ மாதிரி மரத்தைப் பாத்துக்கிட்டு நின்னேன்.

பொட்டலம் கைக்கு வந்துச்சு. கட்டியா வர வேண்டியது கொழகொழன்னு ஆடுது. எனக்கு வந்துச்சே கோவம்! "ஏய்யா, உன்னை நம்பித்தான குடுத்து உட்டேன்? இதுக்கு வளைவுல வீசியிருந்தாக் கொரங்காவது தின்னுருக்கும்"னு ஸ்டாப்பே வேடிக்கை பாக்கக் கத்துனேன்.

டிரைவர் அசையலை. நிதானமா என்னைப் பாத்தார். "ஏனுங்க, பக்கத்துலயே வைன்னு நீங்கதானுங்க சொன்னீங்க. இல்லை, தெரியாமக் கேக்கறேன், இதை அடுப்புல வச்சு என்னங்க பண்ணுவீங்க?"

"உருக்குவேன்."

"அதைத்தானுங்க நான் பண்ணியிருக்கேன். ஒரு வேலை மிச்சமுங்களே!"

பஸ்ஸே சிரிச்சுது. எனக்கும் சிரிப்பு வந்துருச்சு. அதை அடக்கறதுக்காக இன்னும் ரெண்டு வார்த்தை திட்டிட்டு நடையைக் கட்டுனேன். எங்கூர்க் குளிருக்கு ஊடு போய்ச் சேர்றதுக்குள்ள அது மறுபடி எறுகிருச்சு. வளைஞ்சு நெளிஞ்சு பழைய செருப்பாட்டம் இருந்துச்சு, அவ்வளவுதான். மோந்து பாத்தேன். கெட்டுப் போகலை.

அடுத்த சோதனை உருளைக்கிழங்கு. லாரியில ஏறி வந்த கிழங்கு, தோலைச் சீவுனா பாதி உள்ளுக்குள்ள கறுப்பு. மிச்சம் ரெண்டு அடுக்குக்குத்தான் காணும். தோட்டத்துல நிமிந்து பாத்தேன். குச்சிக்கிழங்கு, அதாங்க மரவள்ளி, தழையத் தழைய நிக்குது. ஒரு செடியைப் புடுங்கி, தோலை உரிச்சு, நல்லா வேக வச்சு, வில்லை வில்லையா அரிஞ்சு அடியில பரப்பிட்டேன். அவளுக்குத் தெரியவா போகுதுன்னு ஒரு தைரியம்.

அதும்மேல வெண்ணெயில வதக்குன கேரட், பீன்ஸ், பட்டாணி. அதும்மேல பாலுல மைதாவைக் கரைச்சுக் காய்ச்சுன ஒரு வெள்ளைக் கூழு. அதும்மேல உருளைக்கிழங்கு, மறுபடி காய், மறுபடி கூழு, உச்சியில உருளைக்கிழங்கும் அந்தச் செருப்புச் சீஸைச் சீவுனதும். வரமிளகாய் இல்லை, மஞ்சள் இல்லை, ஒரு பல்லு பூண்டு இல்லை. இது என்ன சமையலு, காய்ச்சக்காரனுக்கு வைக்கிற கஞ்சியாட்டம்! அந்தச் சினேகிதி பெரிய மனசு பண்ணி மொளகு மட்டும் போடலாம்னு சொல்லியிருந்துச்சு. மொளகுக்கா பஞ்சம்? எங்ககிட்டயா? எங்க கொடியில பறிச்சுக் காய வச்சதை அம்மியில ஒண்ணும் பாதியுமாத் தட்டித் தூவுனேன். அப்பத்தான் எனக்கே ஒரு நம்பிக்கை வந்துச்சு.

ஓவனுக்கு எங்க போறது? பெரிய இரும்புச் சட்டியில ஆத்து மணலைக் கொட்டி, நல்லாக் காய உட்டு, நடுவுல எல்லாம் அடுக்குன போசிப் பாத்திரத்தை எறக்குனேன். மேல தோசைக்கல்லை வச்சு மூடி, அதும்மேல தணலை அள்ளிப் போட்டேன். அடியிலயும் தீ, தலையிலயும் தீ. சரியா அந்த நேரம் பாத்து வந்துச்சு சாரல். மேல இருக்குற தணலு அவிஞ்சுதுன்னா அத்தனையும் போச்சு. ஓடிப் போயிக் கொடையை எடுத்துட்டு வந்து அடுப்புக்குப் புடிச்சேன். நான் தொப்பு தொப்புன்னு நனையறேன்.

பெரியம்மா வேலியைப் புடிச்சுக்கிட்டுச் சிரிக்கிறாங்க. "ஏஞ்சாமி, பொண்டாட்டிக்குக் கொடை புடிச்சவனைப் பாத்திருக்கேன், அடுப்புக்குப் புடிக்கிறவனை இன்னைக்குத்தான் பாக்கறேன். எல்லாஞ் சரி, எறக்குறப்போ கொஞ்சம் கடுகு, கறிவேப்பிலை தாளிச்சுக் கொட்டிரு. மணமா இருக்கும்."

சத்தியமாச் சொல்றேன், என் கை கரண்டிக்குப் போயிருச்சு. தாளிக்காம ஒரு பண்டத்தை நான் எறக்குனதே இல்லை. ஊட்டு சன்னலைப் பாத்தேன். அவ அந்த பேசனோட எட்டிப் பாத்துக்கிட்டு இருந்தா. கரண்டியைத் தூக்கித் தூர வச்சுட்டேன்.

தோசைக்கல்லை நவுத்துனதும், அடடா, மேல செவசெவன்னு, ஓரமெல்லாம் முறுகி, நடுவுல கொப்புளம் கொப்புளமாப் பொங்குது! தட்டுல வெட்டி வச்சு எடுத்துட்டுப் போனேன். அவ தட்டுக்கு மேல குனிஞ்சா. மூக்கு சுருங்குச்சு. உடனே பேசனை நீட்டுனேன். "அதை எடுங்க அந்தப் பக்கம்"னா. ஒரு ஸ்பூனு எடுத்தா. நூல் நூலா வந்துச்சு. வாயில வச்சா, மென்னா, முழுங்குனா. இன்னொரு ஸ்பூனு. இன்னொண்ணு. நான் அவ தொண்டையையே பாத்துக்கிட்டு இருக்கேன்.

"இப்படி உத்து உத்துப் பாத்தீங்கன்னா அதுக்கே வாந்தி வந்துரும். திரும்பி உக்காருங்க."

திரும்பி உக்காந்தேன். மொளகுக் கொடியைப் பாத்தேன். அதுல என்ன இருந்துச்சுன்னு கேட்டா எனக்குத் தெரியாது. கண்ணு அங்க, காது பின்னால. கொஞ்ச நேரம் ஸ்பூனு சத்தந்தான். பொறகு 'க்க்'குன்னு ஒரு சத்தம். போச்சுடா சாமி! பேசனைத் தூக்கிக்கிட்டு ஒரே தாவு.

ஏப்பம். பெருசா ஒரு ஏப்பம் உட்டுட்டு வாயைத் தொடைச்சுக்கிட்டு இருந்தா. தட்டு காலி.

"அடியில குச்சிக்கிழங்கு வச்சிருக்கீங்க"ன்னா.

மாட்டிக்கிட்டேன். "அது வந்து புள்ள, உருளைக்கிழங்கு கெட்டுப் போயிருந்துச்சு..."

"அதுதாங்க நல்லாருக்குது. இன்னுங் கொஞ்சம் வைங்க."

வச்சேன். தின்னுட்டுக் கட்டில்ல சாஞ்சவ, பேசன் இல்லாமயே தூங்கிட்டா. நான் பலா மரத்துக்குப் பின்னால போயி நின்னு அழுதேன். வெக்கம் என்ன இருக்கு, சந்தோசத்துல அழுதேன். அப்புறமா மிச்சம் இருந்ததை நானும் பெரியம்மாவும் ஆளுக்கொரு வாய் தின்னு பாத்தோம். சப்புன்னு இருந்துச்சு. பெரியம்மா ஊட்டுக்குள்ள போயி ஊறுகாய் எடுத்துட்டு வந்தாங்க. இதுக்கா இந்தப் பாடுன்னு ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கிட்டோம்.

ஞாயித்துக்கிழமையும் அதேதான் தின்னா. திங்கக்கிழமை எடை மெசின் முள்ளு கீழ எறங்கலை. டாக்டரம்மா, "இதையே குடுங்க"ன்னுட்டாங்க. வாரா வாரம் சீஸ் ஏறி வந்துச்சு. இப்ப பானெட்டு மேல இல்லை, ஈரச் சாக்குல சுத்தி சீட்டுக்கு அடியில. அந்த ஸ்டாப்புல எறங்குறவங்களுக்கெல்லாம் எம்பொண்டாட்டி சேதி தெரிஞ்சுபோச்சு. எலுமிச்சம்பழத்து அம்மாகூட, "நர்ஸு தின்னுச்சா?"ன்னு சன்னல் வழியாக் கேக்கும்.

மாசம் ஏறி, அவளுக்கும் தைரியம் வந்தப்புறம் மெதுவாக் கீழ எறங்கி, அவ அம்மா ஊட்டுலயே இருந்து, நல்லபடியாப் பெத்தா. பொண்ணு. மூணு மாசம் கழிச்சுக் கூட்டிட்டு வரப் போனேன். கார் வச்சுக்கலாம்னேன். வேண்டாம், அந்த பஸ்ஸுலதான் வருவேன்னுட்டா.

காரவள்ளியில கண்டக்டர் கத்துனார். அவ கை என் கையை எறுக்கிப் புடிச்சுது. மொத வளைவுக்கு முன்னால டிரைவர் வண்டியை ஓரங்கட்டி நிறுத்திட்டார். சீட்டுலயே திரும்பி, அவ மடியில இருந்த கொழந்தையை எட்டிப் பாத்தார்.

"ஏனுங்க," என்னைப் பாத்துக் கேட்டார், "ரொம்ப முக்கியமான சாமானுங்களா?"

நான் வாயைத் தொறக்கறதுக்குள்ள அவதான் சொன்னா: "ஆமாங்க. பானெட்டு மேல மட்டும் வச்சுறாதீங்க."

பஸ் பூரா சிரிச்சுது. அவர் முன்னால திரும்பி கியரைப் போட்டார். அன்னைக்கு அவர் அத்தனை வளைவையும் திருப்புன மெதுவுக்கு, பின்னால இருந்தவங்க, "எறங்கி நடந்துருவோமா?"ன்னு கத்திக்கிட்டே வந்தாங்க. எங்களுக்கு அவசரமே இல்லைங்க. உச்சி வர்ற வரைக்கும் ரெண்டு பேரும் மாத்தி மாத்தி எங்க பொண்ணைக் கையில வச்சிருந்தோம்.