மாலை போடாத படம்

இந்த நாட்டில் உயிரோடு இருப்பவர்களின் படத்துக்கு முன்னாலும் பூ வைக்கிறார்கள். பீல் நகரில் என் கீழ்வீட்டுக்காரி, பேர்னில் படிக்கும் மகனின் படத்தருகே பூவும் மெழுகுதிரியும் வைத்திருந்ததை முதலில் கண்டபோது துக்கம் விசாரிக்கவே போய்விட்டேன். அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எங்கள் ஆட்களுக்குப் படத்தில் பூ ஏறினால் ஆள் இல்லை என்றுதான் அர்த்தம்.

கௌரி அக்காவைப் படம் பிடிக்க எங்கடின் மலைப்பகுதிக்குப் போனது போன மாரியில். அங்கே ஒரு ஹோட்டலில் அறைகள் துப்புரவாக்கும் வேலை அவருக்கு. யுத்தத்தின் கடைசி நாட்களில் காணாமல்போன கணவருக்காக அவர் காத்திருப்பதுதான் என் ஆவணப்படம். கமராவைப் பொருத்தியதும், கொஞ்சம் பொறும் என்று கையுறையைக் கழற்றி, கண்ணாடி பார்த்துப் பொட்டைத் திருத்திக்கொண்டார். ஊரில் அதிகாரிகள் மரணச் சான்றிதழ் தருகிறோம் என்றபோதும் வாங்க மறுத்தவர். கணவரின் ஒரே படத்தை என்னிடம் தந்தபோது ஒரு நிபந்தனைதான் வைத்தார்.

"அவர் இருக்கிறார் எண்டுதான் கதைக்க வேணும், தங்கச்சி."

ஓம் என்று வாக்குக் கொடுத்தேன்.

திரையிடல் பீலில், பழைய மணிக்கூட்டுத் தொழிற்சாலை ஒன்றில். கணவரின் படத்தைப் பெரிதாக்கி வாசலுக்கு எதிரே மாட்டியிருந்தோம். அக்கா வரும் நேரம். உள்ளே ஒலியைச் சரிபார்த்துவிட்டு வெளியே வந்தவள் அப்படியே நின்றுவிட்டேன். படத்துக்குச் செவ்வந்தி மாலை. ஏற்பாட்டாளர் பிரிகிட்டே ஓர்லிகோனில் இருக்கும் தமிழ்க் கடைவரை போய் வாங்கி வந்திருந்தாள். என் ஆவணப்படத்தில் இன்னொரு வீட்டில், இறந்த தகப்பனின் படத்துக்கு மாலை போட்டிருப்பதைக் கவனித்திருக்கிறாள். பாவி, அவ்வளவு கவனம் எதற்கு?

பதறிப்போய் மாலையை இழுத்தெடுத்தேன். அவள் முகம் வாடிவிட்டது. அவர் இறக்கவில்லை என்று ஜெர்மன் மொழியில் சொன்னேன்.

"அப்படியானால் எங்கே இருக்கிறார்?" என்று கேட்டாள், உண்மையிலேயே அறிய விரும்பி. மாலையைக் கையில் சுருட்டிக்கொண்டேன்.

கதவு திறந்தது. பட்டுச் சேலையும் பெரிய பொட்டுமாக கௌரி அக்கா. அவர் கண் நேரே என் கைக்கு வந்தது.

"உது ஆருக்கு?"

"உங்களுக்குத்தான், அக்கா. வரவேற்பு மாலை."

வேறென்ன சொல்ல? படத்திலிருந்து இறக்கியதை ஒரு சுமங்கலியின் கழுத்தில் போடுகிறேனே என்று நினைத்தபடியே மாலையை உயர்த்தினேன். அவர் தலை குனிந்து ஏற்றுக்கொண்டார். கலியாணத்துக்குப் பிறகு இன்றைக்குத்தான் மாலை விழுகிறது என்றார். பிறகு படத்தின் அருகே போனார். சட்டத்தில் ஒட்டியிருந்த செவ்வந்தி இதழ் ஒன்றைக் கொஞ்ச நேரம் பார்த்தார். சேலைத் தலைப்பால் அதைத் துடைத்துவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"அவருக்கு, வந்தாப்பிறகு நானே போடுறன்."

அக்கா என்ன சொன்னார் என்று பிரிகிட்டே மெல்லக் கேட்டாள். மாலை அழகாக இருக்கிறதாம் என்றேன். இருவருக்கும் பொய் சொல்லிவிட்டு, இருவருக்கும் நடுவில் நின்றேன்.