வேறொருவர் குரலில் முத்தையா

சவுண்ட் என்ஜினியர் காதில் மாட்டியிருந்ததைக் கழற்றி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"மேல் ஸ்தாயில குரல் பிசிறடிக்குது சார். எத்தனை டேக் எடுத்தாலும் இப்படித்தான் வரும்."

மைக் முன்னால் நின்றவர் முத்தையா. மதுரை வட்டாரத்து நாடக மேடைகளில் ராஜபார்ட்டாகப் பேர் வாங்கியவர். மைக் இல்லாத கொட்டகைகளில் கடைசி வரிசைக்கும் கேட்கவேண்டும் என்று வருஷக்கணக்கில் உரக்கப் பாடித் தேய்ந்த தொண்டை. அவரை ஹீரோவாகப் போட்டு எடுத்த படத்துக்கு நான் மியூசிக் டைரக்டர்.

சுருதியை இறக்கி மெட்டை மாற்றலாமா என்று பட முதலாளியிடம் கேட்டேன்.

"ஹீரோ கணீர்னு பாடுனாத்தான்யா கைதட்டுவான். இப்பத்தான் பிளேபேக் வந்திருச்சுல்ல? வேற ஆளை வச்சு எடுங்க. முத்தையாகிட்ட நீங்களே சொல்லிருங்க."

அன்றைய படப்பிடிப்பு முடிந்ததும் மேக்கப் அறையில் போய்ச் சொன்னேன். முத்தையா அரிதாரத்தைத் துடைத்துக்கொண்டே கேட்டார்.

"அப்ப நான் எதுக்குத் தம்பி? வாயசைக்கவா?"

"முகம் உங்களோடதுதானேண்ணே."

"நாடகத்துல என் மொகத்த யாரு பாத்தா? பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்துல பாதிப் பேருக்கு மூக்கும் முழியுமே தெரியாது. அம்புட்டுப் பேரும் பாட்டக் கேக்கத்தான வந்தாக."



சர்ச்சில் பாடிக்கொண்டிருந்த ஓர் இளைஞரைப் பாடவைத்தோம். படப்பிடிப்பில் அந்த ரிக்கார்டு ஒலித்தபோது முத்தையா வாயசைத்தார். ஓர் இடத்தில்கூடப் பிசகவில்லை. மூச்சு எடுக்கும் இடம்கூடப் பொருந்தியது. எல்லோரும் கைதட்டினார்கள். அவர் யாரையும் பார்க்காமல் செட்டைவிட்டு வெளியே போனார்.

படம் நன்றாக ஓடியது. அந்தப் பாட்டும் ஊரெல்லாம் பரவியது. அதன் பிறகுதான் சமயநல்லூரில் ஒரு கல்யாணம். விருந்துக்குப் போன முத்தையாவைக் கூட்டம் சூழ்ந்துகொண்டு அந்தப் பாட்டையே பாடச் சொல்லியிருக்கிறது. மறுத்துப் பார்த்திருக்கிறார், விடவில்லை. தன் சொந்தக் குரலில் பாடினார். பாதியிலேயே சிரிப்பு கிளம்பிவிட்டது.

"இவரு அந்தப் படத்துல பாடுனவரு இல்லப்பா! அவரு மாதிரி வேசம் போட்டு வந்திருக்காரு!"

முத்தையா சாப்பிடாமலே கிளம்பிவிட்டார். இதை எனக்குச் சொன்னவர் கூடப் போயிருந்த அவருடைய மச்சினர்.

அடுத்த படத்தில் அவருக்கு அப்பா வேஷம் வாங்கி வைத்துவிட்டு, வண்டியூரில் இருந்த அவர் வீட்டுக்குப் போனேன்.

"பாட்டே இல்லண்ணே. வசனம் மட்டும்தான்."



"பேசப்போறது நான்தானா தம்பி?"

"சத்தியமா நீங்கதாண்ணே."

தலையை மட்டும் ஆட்டினார். ஆனால் படப்பிடிப்புக்கு வரவில்லை. அதன் பிறகு அவர் எந்த மேடையிலும் ஏறவில்லை என்று கேள்விப்பட்டேன்.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான். நடிகரைப் பக்கத்தில் உட்காரவைத்து அவர் குரலைக் கேட்டுவிட்டு அப்புறம் மெட்டுப் போடுங்கள். வேறு குரல்தான் வைக்கப்போகிறோம் என்றால், வேஷத்துக்கு அவர் சம்மதிக்கும் முன்பே சொல்லிவிடுங்கள். பிற்பாடு நடிகர்களிடம் நான் அப்படி முன்கூட்டியே சொன்னதால் பலர் கோபித்துக்கொண்டு போயிருக்கிறார்கள். ஆனால் போனவர்கள் வேறெங்கோ தங்கள் சொந்தக் குரலில் பாடிக்கொண்டுதான் இருந்தார்கள்.