ஆகஸ்டில் எழுதிய தேர்வு

"ஆறு, அன்டோன். பதினான்கு, லுட்விக். இருபத்தேழு, மோர்டன்."

உடை மாற்றும் அறையில் சிரிப்பு வெடித்தது.

"மோர்டனா? அது யாருடா?" என்று லுட்விக் கேட்டான்.

இருபத்தேழாம் எண் சட்டையைப் போட்டிருந்தவன் வில்மெர். பட்டியலை வாசித்தவனுக்குப் பக்கத்திலேயே, தோளோடு தோள் இடிக்க உட்கார்ந்திருந்தான்.

"பெட்டி, இங்க பாரு. நான் வில்மெர். ஆறு மாசமா உன் சாக்ஸ் நாத்தத்தைத் தாங்கிக்கிட்டு உட்கார்ந்திருக்கேன். பேரையாவது ஞாபகம் வச்சுக்கக் கூடாதா?"

"பதினோரு கிளப் பார்த்தவன்டா அவன். எந்த ஊர்ல இருக்கோம்னு அவனுக்கு எப்படித் தெரியும்? பெட்டி, இது கோல்செலே! சொல்லு பார்ப்போம், கோல், செ, லே!" என்று அன்டோன் சேர்ந்துகொண்டான்.

வாசித்தவனும் சிரித்தான். "முழிச்சிருக்கீங்களான்னு பார்த்தேன்டா" என்றான். மறுபடி முதலிலிருந்து வாசித்தான். இந்த முறை தாளில் ஒவ்வொரு பெயருக்குக் கீழும் விரலை வைத்துக்கொண்டான்.

எங்கள் ஐஸ் ஹாக்கி அணியில், ஆட்டத்துக்கு முன் அன்றைய பட்டியலை ஒரு ஆட்டக்காரன் எழுந்து வாசிக்க வேண்டும். யார் என்று பயிற்சியாளர் மிக்கெ முடிவு செய்வான். தோற்றால் இரண்டாம் பிரிவிலிருந்து கீழே இறங்க வேண்டிய கடைசி ஆட்டம் அது. அதனால் இருப்பவர்களில் மூத்தவனிடம் தாளைக் கொடுத்திருந்தான்.

நான் கதவருகே இரண்டு ஸ்டிக்குகளைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தேன். நான் சிரிக்கவில்லை.

பட்டியலை வாசித்தவன் பெயர் பொந்துஸ் அல்ம்பெரி. வயது முப்பத்தைந்து. பெட்டி என்று கூப்பிடுவதற்குக் காரணம், ஊர் ஊராகப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனவன் என்பதுதான். எங்கள் ஊருக்கும் வடக்கே, சுரங்கம் உள்ள ஊரில் பிறந்தவன். பதினாறு வயதில் ஹாக்கி பயிலும் விடுதிப் பள்ளிக்குப் போனான். முதல் பிரிவில் ஒரே ஒரு பருவம் ஆடினான், பத்தொன்பது ஆட்டம், ஒரு கோலும் இல்லை. பிறகு இரண்டாம் பிரிவு, மூன்றாம் பிரிவு, மறுபடி இரண்டாம் பிரிவு. டென்மார்க்கில் இரண்டு ஆண்டு. நார்வேயில் ஒரு மீன்பிடித் துறைமுகத்தில் ஒரு ஆண்டு. அங்கே உடை மாற்றும் அறையில் கடல் காகங்கள் நுழையும் என்பான். ஒரு கிளப் அவன் போய்ச் சேர்ந்த ஐந்தாம் வாரத்தில் மூடப்பட்டது. ஒரு கிளப்பில் அவன் பெயரைச் சட்டையில் தப்பாகத் தைத்தார்கள். யாரும் மாற்றவில்லை, அவனும் கேட்கவில்லை.

அவன் கோல் போடும் ஆள் அல்ல. பனித்தளத்தின் மூலைக்குப் போகும் ரப்பர் வட்டை எதிரிக்கு முன்னால் எட்டுவது அவன் வேலை. எட்டியதும் முகத்தைத் தளத்தைச் சுற்றியுள்ள பலகைச் சுவருக்கும் முதுகை எதிரிக்கும் கொடுத்து, வந்து மோதுகிறவனை வாங்கிக்கொண்டு, வட்டை நன்றாக ஆடத் தெரிந்தவனிடம் தள்ளிவிட வேண்டும். பதினெட்டு வருடம் அதைச் செய்தான். அதற்குத் துணிச்சல் வேண்டும் என்று பத்திரிகைக்காரர்கள் ஒருமுறை எழுதினார்கள். "துணிச்சலெல்லாம் இல்ல. அடி விழுந்த பிறகு யோசிக்கணும். அவ்வளவுதான்" என்றான்.

நான் கிளப்பின் பொருள்களுக்குப் பொறுப்பு. ஸ்கேட் காலணிகளின் கத்தியைத் தீட்டுவது, சட்டை துவைப்பது, ஹெல்மெட் திருகுகளை முடுக்குவது. இருபத்திரண்டு வருடமாக. என் அறை உடை மாற்றும் அறைக்கு எதிரே இருக்கிறது. ஆட்டக்காரர்கள் மிக்கெயிடம் சொல்லாததை என் அறையில் வந்து சொல்வார்கள். தீட்டும் இயந்திரத்தின் சத்தத்தில் வெளியே எதுவும் கேட்காது.

பிப்ரவரியில் ஒரு வெளியூர் ஆட்டத்தில் அவன் தலை பலகைச் சுவருக்கு மேலுள்ள கண்ணாடியில் மோதியது. தானாகவே எழுந்தான். இடைவேளையில், நான் ஸ்கேட் வைத்திருந்த மூலைக்கு வந்து தண்ணீர் வடியும் துவாரத்தில் வாந்தி எடுத்தான். "மத்தியானம் தின்ன இறைச்சி உருண்டை சரியில்ல" என்றான். எல்லோரும் அதைத்தான் தின்றிருந்தோம்.

இரண்டு நாள் கழித்து அவனைக் கணினி முன் உட்கார வைத்தார்கள். தலையில் அடிபட்ட எவனும் அந்தத் தேர்வை எழுதாமல் மறுபடி ஆட முடியாது. திரையில் வார்த்தைகள் வரும், மறையும். எதெல்லாம் வந்தது என்று கேட்கும். வடிவங்கள் வரும். நிறம் மாறியதும் பொத்தானை அழுத்த வேண்டும். பருவம் தொடங்கும் முன், ஆகஸ்டில், எல்லோரும் நல்ல உடம்போடு அதே தேர்வை ஒருமுறை எழுதியிருப்பார்கள். கிளப்பின் டாக்டர் உல்ரிகா இரண்டு மதிப்பெண்களையும் ஒப்பிட்டுப் பார்ப்பாள்.

பொந்துஸின் இரண்டு மதிப்பெண்ணும் ஒன்றாகவே இருந்தன. "ஆகஸ்ட்ல எப்படி இருந்தியோ அப்படியே இருக்க" என்று சொல்லி உல்ரிகா கையெழுத்துப் போட்டாள்.

கடைசி ஆட்டத்துக்கு இரண்டு நாள் முன்பு அவன் என் அறைக்கு வந்தான். கதவைச் சாத்தினான். கவிழ்த்து வைத்திருந்த வாளிமேல் உட்கார்ந்தான்.

"ஸ்டூரே, ஆகஸ்ட் டெஸ்ட்ல நான் என்ன பண்ணேன்னு தெரியும்ல?"

"எல்லாரும் பண்றதுதான். தூங்கிக்கிட்டே எழுதியிருப்ப."

"ஆமா. பாதி வார்த்தைய வேணும்னே விட்டேன். பொத்தான மெதுவா அழுத்தினேன்."

"சரி. அதுக்கென்ன இப்ப?"

பழைய ஆட்டக்காரர்கள் எல்லோரும் அப்படித்தான். ஆகஸ்டில் மட்டமாக எழுதி வைத்தால், பிறகு அடிபட்டாலும் வித்தியாசம் தெரியாது, வெளியே உட்கார வைக்க மாட்டார்கள். புதிதாக வருகிறவர்களுக்கு இதைச் சொல்லிக் கொடுப்பது நான்தான். தேர்வு அறை வாசலில் நின்று, "மூளையை என்கிட்ட குடுத்துட்டு உள்ள போ, வரும்போது வாங்கிக்க" என்பேன். எல்லோரும் சிரிப்பார்கள்.

"பிப்ரவரில அப்படிப் பண்ணல" என்றான்.

எனக்குப் புரியவில்லை. ஸ்கேட்டைக் கல்லில் வைத்தேன். தீப்பொறி பறந்தது. அவன் கண்ணை மூடிக்கொண்டான்.

"பிப்ரவரில உசிரக் குடுத்து எழுதினேன், ஸ்டூரே. ஒரு வார்த்தையக்கூட வேணும்னு விடல. எவ்வளவு வேகமா முடியுமோ அவ்வளவு வேகமா அழுத்தினேன். மார்க் அதேதான் வந்துது."

இயந்திரத்தை நிறுத்தினேன். கல் சுற்றி ஓய்வதற்கு நேரமானது.

"உல்ரிகாகிட்ட சொல்லு."

"சொன்னா அன்னிக்கே முடிஞ்சுது."

"முடியட்டுமே."

"ஜெயிச்சா இன்னும் ஒரு வருஷம் தர்றேன்னு மிக்கெ கை குடுத்துச் சொல்லியிருக்கான். தூவாகிட்ட இந்த வருஷம் ஸ்கூல் மாத்த மாட்டோம்னு சொல்லிட்டேன். அவளுக்கு ஒன்பது வயசு. நாலாவது ஸ்கூல். இங்கதான் முதல் தடவை பிறந்தநாளுக்கு யாரோ கூப்பிட்டிருக்காங்க."

பிறகு அவன் இன்னொன்றையும் சொன்னான். போன வாரம் மகள் தூவாவைப் பின் இருக்கையில் வைத்துக் காரில் வீட்டுக்குப் போயிருக்கிறான். பெட்ரோல் பங்க் பக்கத்தில் இடது பக்கம் திரும்ப வேண்டும். வலது பக்கம் திரும்பினான். முந்தைய ஊரில் வீடு வலது பக்கம் இருந்தது. எங்கள் ஊரில் வலது பக்கச் சாலை ஆற்றில் போய் முடிகிறது. மார்ச் மாதத்தில் ஆற்றின் மேல் பனிக்கட்டி பார்வைக்கு வெள்ளையாகத்தான் தெரியும். கீழே எவ்வளவு கனம் என்று யாருக்கும் தெரியாது.

"அப்பா எங்க போறன்னு கேட்டா. நான் வீட்டுக்குன்னு சொன்னேன். எனக்கு அது வீட்டுக்குப் போற வழியாத்தான் தெரிஞ்சுது. முன் சக்கரம் கரையைத் தாண்டினப்பதான் பிரேக் போட்டேன். அதுவும் அவ கத்தினதால."

"மாலினுக்குத் தெரியுமா?" என்று அவன் மனைவியைப் பற்றிக் கேட்டேன்.

"தூவா சொல்லல. நான் சொல்ல வேணாம்னு கேட்டுக்கிட்டேன்." அவன் தன் ஸ்கேட்டின் கயிற்றை இழுத்துக்கொண்டிருந்தான். "இடது பக்கம் யாரோ நிக்கிற மாதிரி இருக்கு எப்பவும். திரும்பிப் பார்த்தா யாரும் இல்ல. யாராச்சும் நிஜமா இருக்கும்போது தெரியறதில்ல."

"இன்னொரு அடி விழுந்தா என்ன ஆகும்?"

"உல்ரிகா ஆகஸ்ட்ல படம் போட்டுக் காட்டினாளே. நான் மொபைல் பார்த்துக்கிட்டிருந்தேன்."

அவன் சிரித்தான். நானும் சிரிக்கப் பார்த்தேன். எழுந்து போகும்போது, "ஒரே ஒரு மேட்ச், ஸ்டூரே" என்றான். நான் சரி என்று தலையசைத்தேன். இரண்டு இரவு அந்தத் தலையசைப்பை நினைத்துக்கொண்டு படுத்திருந்தேன்.

மோர்டன் என்பவன் டென்மார்க்கில் அவனோடு ஜோடியாக ஆடியவன். அதை என்னிடம் முன்பு எப்போதோ சொல்லியிருக்கிறான். அதனால்தான் அவன் பட்டியல் வாசித்த அன்று என்னால் சிரிக்க முடியவில்லை.

ஆட்டம் தொடங்கியது. மூவாயிரம் பேர். காகித ஆலையின் மாலை ஷிப்ட் ஆட்கள்கூட ஆள் மாற்றிவிட்டு வந்திருந்தார்கள். ஆட்டக்காரர்கள் உட்காரும் பெஞ்சின் கோடியில் ஸ்டிக்குகளோடு நிற்பது என் வேலை. நான் வட்டைப் பார்க்கவில்லை. எழுபத்தேழாம் எண் பொந்துஸின் ஹெல்மெட்டை மட்டும் பார்த்தேன். அவன் பனித்தளத்தில் இறங்கும் ஒவ்வொரு முறையும் நாற்பது, ஐம்பது நொடி. உதட்டுக்கடியில் வைத்திருந்த புகையிலைப் பொட்டலம் உலர்ந்த காகிதம் போலக் கிடந்தது. அவன் இரண்டு முறை மோதல் வாங்கினான், இரண்டும் தோளில். எழுந்தான். இரண்டாவது முறை எழுந்ததும் தவறான பக்கமாகச் சறுக்கத் தொடங்கி, வில்மெர் கத்தியதும் திரும்பினான். கூட்டம் அதைக் கவனிக்கவில்லை.

மூன்று பகுதிகள் கொண்ட ஆட்டத்தின் இரண்டாம் இடைவேளையில் இரண்டுக்கு இரண்டு கோல். நான் டாக்டரின் அறைக்குப் போனேன். சொல்லிவிடுவது என்றுதான் போனேன். உல்ரிகா நின்றபடியே வாழைப்பழம் தின்றுகொண்டிருந்தாள்.

"என்ன ஸ்டூரே?"

அவனுக்குக் கொடுத்த வாக்கு நினைவுக்கு வந்ததாகச் சொல்லலாம். அப்படி இல்லை. ஆகஸ்டில் வாசலில் நின்று சொன்ன வேடிக்கைதான் நினைவுக்கு வந்தது.

"டேப் இருக்கா?" என்றேன்.

"டேப்பா? கட்டிடத்துல இருக்கிற எல்லா டேப்பும் உன்கிட்டதானே இருக்கு?"

"ஆமா" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

நான்கு நிமிடம் மீதி இருந்தபோது எதிரணி வட்டை எங்கள் பக்கத்து இடது மூலைக்கு அடித்தது. பொந்துஸ் முதலில் திரும்பினான். எல்லோருக்கும் முன்னால் இருந்தான். எதிரணிக்காரன் ஐந்தாறு மீட்டர் பின்னால் வந்துகொண்டிருந்தான். போதுமான நேரம் இருந்தது. பொந்துஸ் வட்டுக்கு ஒரு ஸ்டிக் நீளம் இருக்கும்போது நின்றான். இரண்டு கால்களையும் பக்கவாட்டில் திருப்பி, பனித்தூள் தெறிக்க நின்றான். கையை முகத்துக்கு முன்னால் தூக்கினான். இடது பக்கம் பார்த்தான். அங்கே யாரும் இல்லை.

எதிரணிக்காரன் அவனுக்கு வலது பக்கமாகப் போய் வட்டை எடுத்தான். கோலுக்கு முன்னால் தள்ளினான். அங்கே நின்றவன் அடித்தான். கோலைக் காட்டும் சிவப்பு விளக்கு எரிந்தது.

மூவாயிரம் பேர் ஒன்றாக மௌனமானதை நான் அதற்கு முன் கேட்டதில்லை. பிறகு மேலே ரசிகர்கள் நிற்குமிடத்திலிருந்து ஒரு குரல் வந்தது.

"பெட்டியக் கட்டுடா, பெட்டி!"

அவன் பெஞ்சுக்கு வந்தான். மிக்கெயின் முகம் சிவந்திருந்தது.

"என்னடா பண்ற? ஏன் நின்ன? பக்கத்துல ஒருத்தனும் இல்லையே!"

"இருந்தான்."

"யாரு?"

பொந்துஸ் யோசித்தான். உண்மையாகவே பதில் தேடினான்.

"தெரியல" என்றான்.

பொந்துஸ் வாரை அவிழ்த்து ஹெல்மெட்டைக் கழற்றினான். ஆட்டம் நடக்கும்போது பெஞ்சில் யாரும் அதைக் கழற்றுவதில்லை. திரும்பி, பின்னால் நின்ற உல்ரிகாவைப் பார்த்தான்.

"ஆகஸ்ட்ல நான் பொய்யா எழுதினேன், உல்ரிகா. பிப்ரவரில எழுதினதுதான் நிஜம்."

அவளுக்குப் புரிய ஒரு நொடி பிடித்தது. ஹெல்மெட்டை அவன் கையிலிருந்து வாங்கினாள்.

"எத்தனை நாளா?"

"அன்னியிலிருந்தே."

"நடக்க முடியுமா உன்னால?"

"முடியும். எந்தப் பக்கம்னு சொல்லு."

அவள் அவன் முழங்கையைப் பிடித்து அழைத்துப் போனாள். ஸ்கேட்டோடு ரப்பர் விரிப்பில் மெதுவாக நடந்தான். இடது கையால் சுவரைத் தொட்டுக்கொண்டே போனான். பெஞ்சில் அவன் இடம் காலியாக இருந்தது. வில்மெர் நகர்ந்து உட்காரவில்லை. நாங்கள் மூன்றுக்கு இரண்டு என்று தோற்றோம்.

மறுநாள் காலை அவன் மனைவி மாலின் அவனைப் பெரிய ஊரின் மருத்துவமனைக்குக் காரில் கூட்டிப் போனாள். இரண்டு மணி நேரப் பயணம். வெளிச்சம் கண்ணில் படாதபடி அவன் பின் இருக்கையில் படுத்துக்கொண்டான். தலையைப் படம் எடுத்தார்கள். ஒரு கோட்டின் மேல் நடக்கச் சொன்னார்கள். கார் ஓட்டக் கூடாது, திரை பார்க்கக் கூடாது, ஆறு வாரம் கழித்து மறுபடி வர வேண்டும் என்று எழுதிய தாளைக் கொடுத்தார்கள். ஹாக்கி பற்றிக் கேட்டதற்கு அங்கிருந்த டாக்டர் இல்லை என்று தலையசைத்தார். தூவா பள்ளிக்குப் போனாள். கிளப் பத்து மணிக்கு நான்கு வரியில் ஒரு அறிவிப்பு வெளியிட்டது. மிக்கெ என் அறைக்கு வந்து, உனக்குத் தெரியுமா என்று கேட்டான். தெரியும் என்றேன். அவன் திரும்பிப் போனான். மதியம் உல்ரிகா தொலைபேசியில் கூப்பிட்டாள். மற்றவர்கள் ஆகஸ்டில் எப்படி எழுதினார்கள் என்று கேட்டாள். எனக்குத் தெரிந்த பெயர்களைச் சொன்னேன். ஒன்பது பெயர். இருபத்து மூன்று சட்டைகளைத் துவைத்துக் காயப்போட்டேன். வெளியே பூஜ்யத்துக்குக் கீழே ஆறு டிகிரி, லேசாகப் பனி பெய்தது. ஐந்து மணிக்குப் பூட்டிவிட்டு வீட்டுக்குப் போனேன்.