துடைத்து வைத்த படம்

அந்தத் தெருவில் சலவைக்கடை நடத்தும் தம்பதியில் மனைவிக்குக் கறையக்கா என்றுதான் பேர். எண்ணெய், மை, துரு, எதுவானாலும் அவர் கைபட்டால் போய்விடும். கணவர் அவருக்கும் ஒரு படி மேலே. கல்யாணத்துக்குப் போனால்கூட மாப்பிள்ளையின் முகத்தை விட்டுவிட்டுச் சட்டைக் காலரைப் பார்க்கிற ஆள்.

அந்த வீட்டில் இருந்துகொண்டு கறையக்கா கறைமேல் ஆசை வைத்ததை என்னவென்று சொல்ல? பழைய சாமான் கடையில் வாங்கிய பெட்டிக்குள் யாரோ எடுத்த பிலிம் சுருள் ஒன்று கிடந்தது. ஓட்டிப் பார்த்தால், கடற்கரையில் ஒரு குடும்பம். ஈரத்தில் கிடந்து பூஞ்சை பிடித்ததில், குழந்தைகளின் தலைக்கு மேல் நீலமும் ஆரஞ்சுமாக ஏதேதோ பூத்துப் பூத்து மறைந்தன. அன்றிலிருந்து அவருக்கு வேறு நினைப்பே இல்லை. கெட்டுப்போன சுருள்களாகத் தேடிப்பிடித்து, வெட்டி ஒட்டி, ஒரு படம் செய்தார். கடற்கரைதான் அதன் உயிர். நகல் கிடையாது.

ஞாயிறு மாலை நூலக மாடியில் முதல் திரையிடல். நாற்காலிகளெல்லாம் நிறைந்தபிறகு கணவர் சுருளோடு வந்தார். வாயெல்லாம் பல்.

"நாலு பேர் பாக்கப்போறாங்க, இப்படி அழுக்காவா காட்டுறது? நல்லா தொடச்சு கொண்டாந்திருக்கேன்."

கறையக்காவின் முகத்தில் ஈயாடவில்லை. "எதால தொடச்சீங்க?"

"வெறும் ஈரத்துணிதான். மருந்து எதுவும் போடல."

பூஞ்சை அரித்த பிலிமில் தண்ணீர் பட்டால் படமே கரைந்து வந்துவிடும். அது தெரியாத மனுஷரிடம் என்ன பேசுவது? வந்தது வரட்டும் என்று விளக்கை அணைத்து ஓட விட்டார்.

கடலைக் காணோம், குடும்பத்தைக் காணோம். நீலம் திரை முழுக்க இழுபட்டு ஓடியது. அதற்குள் ஒரு பெருவிரல் ரேகை, வரப்பு வரப்பாக, ஆள் உயரத்துக்கு. அது மறைவதற்குள் இன்னொன்று, அப்புறம் இன்னொன்று, குதித்துக் குதித்து வந்தன. நடுவில் துணிக்குத் தப்பிய ஒரு குழந்தையின் கை மட்டும் டாட்டா காட்டிவிட்டுப் போயிற்று. யாரோ சிரித்தார்கள். பிறகு அறையே கைதட்டியது. கறையக்காவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. தன்னோடு நின்று துணி வெளுக்கும் கை அது. இத்தனை நாள் படத்தில் எது குறைகிறது என்று மண்டையை உடைத்துக்கொண்டாரோ, அது இதுதான்.

"அந்த வெரல் யாரோடதுக்கா?" என்றார் பால்காரர்.

"எங்க வீட்டுக்காரரோடது."

கடைசி வரிசையில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தவர் தலையில் கைவைத்துக்கொண்டார். "சொல்லித் தொலைக்காத, மானம் போகுது."

கறையக்கா அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். "வீட்ல இன்னும் ரெண்டு சுருள் இருக்கு. அதையும் நீங்களே தொடைங்க."

அவர் கொஞ்ச நேரம் தன் பெருவிரலையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தணிந்த குரலில் கேட்டார்: "கையக் கழுவிட்டா, கழுவாமலா?"